அந்தக் குள்ளர்களுக்குப் பெயர் இல்லையா?



இந்த வாரம் ஒரு கேள்வியோடு வந்திருக்கிறேன். கேள்வி என்னுடையது இல்லை. ஐந்தாம் வகுப்பு படிக்கும் என் பேத்தி கேட்டது.

போன கோடை விடுமுறையில் மந்தைவெளியில் உள்ள எங்கள் வீட்டுப் பரணைச் சுத்தம் செய்தோம். பழைய பித்தளைப் பாத்திரங்களுக்குப் பின்னால் ஒரு தகர டிரங்குப் பெட்டி. திறந்து பார்த்தால், என் அண்ணன் சின்ன வயதில் சேர்த்து வைத்த காமிக்ஸ் புத்தகங்கள்! இந்திரஜால் காமிக்ஸ், முத்து காமிக்ஸ். அதன்மேல் என் மகன் சேர்த்த ராணி காமிக்ஸ்.

செல்போனும் டி.வி.யும் இல்லாத காலத்தில் எங்களுக்கு இவைதான் சினிமா. லஸ் முனையில் நடைபாதைப் புத்தகக் கடையில் பாதி விலைக்கு வாங்குவோம். அண்ணன் படித்து முடிப்பதற்குள் நான் பிடுங்குவேன். அட்டை கிழியும். அம்மா இரண்டு பேர் முதுகிலும் ஒன்று வைப்பாள்.

என் பேத்தி மாயாவி கதை ஒன்றை எடுத்துக்கொண்டு ஊஞ்சலில் உட்கார்ந்தாள். அரை மணி நேரம் சத்தமே இல்லை. பிறகு என்னிடம் வந்தாள்.

"பாட்டி, மாயாவியோட குதிரைக்குப் பேர் இருக்கு, ஹீரோ. ஓநாய்க்குக்கூடப் பேர் இருக்கு, டெவில். இந்தக் குள்ளர்கள் ஒவ்வொரு பக்கத்திலும் வர்றாங்க. இவங்களுக்குப் பேர் இல்லையா?"

நான் புத்தகத்தை வாங்கிப் புரட்டினேன். தலைவருக்கு மட்டும் 'குரன்' என்று ஒரு பெயர் இருந்தது. மற்ற எல்லோரும் கூட்டம். ஓடுகிறார்கள், பயப்படுகிறார்கள், மாயாவியைப் பார்த்ததும் தலை வணங்குகிறார்கள். ஐம்பது வருடமாக எனக்குத் தோன்றாத கேள்வி, பத்து வயதுக் குழந்தைக்கு அரை மணியில் தோன்றிவிட்டது.

மாயாவியின் காடு எங்கே இருந்தது?

மாயாவியை உங்கள் அப்பா, அம்மா, தாத்தாவுக்கு நன்றாகத் தெரியும். கேட்டுப் பாருங்கள். வேதாளர் என்றும் சொல்வார்கள். ஆங்கிலத்தில் 'பேன்டம்'. லீ பாக் என்ற அமெரிக்கர் 1936-ல் இந்தக் கதையைத் தொடங்கினார். இந்தியாவில் 1964-ல் இந்திரஜால் காமிக்ஸ் மூலம் வந்தது. 1984-ல் தொடங்கிய ராணி காமிக்ஸ் மூலம் தமிழ்நாட்டின் பெட்டிக்கடைகளில் எல்லாம் தொங்கியது.

கதை இதுதான். 1536-ல் கடற்கொள்ளையர்கள் ஒரு கப்பலைத் தாக்குகிறார்கள். ஒரே ஒரு வெள்ளைக்கார இளைஞன் தப்பிக் கரை ஒதுங்குகிறான். அவனைக் காப்பாற்றி, சோறு போட்டு, காயத்துக்கு மருந்து போட்டவர்கள் அந்தக் காட்டுக் குள்ளர்கள். அநீதியை எதிர்ப்பேன் என்று அவன் சபதம் செய்கிறான். அவனுக்குப் பின் மகன், பேரன் என்று 21 தலைமுறை முகமூடி போட்டுக்கொண்டு காட்டைக் காவல் காக்கிறது.

நல்ல கதைதான். ஆனால் கவனித்தீர்களா? உயிரைக் காப்பாற்றியவர்கள் குள்ளர்கள். நானூறு வருடங்களாக ராஜா மாதிரி இருப்பவர் கரை ஒதுங்கிய வெள்ளைக்காரர்! அந்தக் காட்டில் பிறந்து வளர்ந்த ஒருவருக்குக்கூட அந்தக் காட்டைக் காப்பாற்றத் தெரியாதா?

இன்னொரு செய்தி சொல்கிறேன், ஆச்சரியப்படுவீர்கள். இன்று எல்லோரும் மாயாவியின் காடு ஆப்பிரிக்காவில் இருக்கிறது என்று நினைக்கிறோம். ஆனால் ஆரம்ப காலக் கதைகளில் அந்தக் காடு ஆசியாவில், நம் இந்தியாவுக்குப் பக்கத்தில் இருந்தது! ஊரின் பெயரே வங்காளத்தை நினைவுபடுத்தும். கொள்ளையர் கூட்டத்தின் பெயர் 'சிங்'. பிற்பாடுதான் கதாசிரியர் அந்தக் காட்டை அப்படியே பெயர்த்துக் கொண்டுபோய் ஆப்பிரிக்காவில் வைத்தார்.

அப்படியென்றால் என்ன அர்த்தம்? கதை எழுதியவருக்கு ஆசியாவும் ஒன்றுதான், ஆப்பிரிக்காவும் ஒன்றுதான். இரண்டும் காடு. இரண்டிலும் பெயர் இல்லாத மனிதர்கள். இரண்டையும் காப்பாற்ற வெளியிலிருந்து ஒருவர் வரவேண்டும். அந்தக் கூட்டத்தில் முதலில் நிற்க வைக்கப்பட்டவர்களில் நம் பக்கத்து மனிதர்களும் உண்டு. அது தெரியாமல் நானும் என் அண்ணனும், துண்டை முகத்தில் கட்டிக்கொண்டு, 'நான்தான் மாயாவி' என்று மொட்டைமாடியில் குதித்துக்கொண்டிருந்தோம்!

இந்தியாவில் அச்சிட்டபோது இந்திரஜால்காரர்கள் இரண்டு பெயர்களை மாற்றினார்கள். ஊரின் பெயர் 'டெங்காலி' ஆனது. 'சிங்' கொள்ளையர்கள் 'சிங்கா' கொள்ளையர்கள் ஆனார்கள். நம்மவர்கள் படித்தால் மனம் கோணுமே என்று நினைத்திருப்பார்கள் போலும். நம் பெயர் வந்தால் நமக்கு உறுத்துகிறது. குள்ளர்களின் படத்தை யாரும் மாற்றவில்லை. அவர்கள் படித்தால் என்ன நினைப்பார்கள் என்று நமக்குத் தோன்றவே இல்லை.

பின்னால் வந்த மாயாவி கதைகளில் ஒரு நல்ல மாற்றமும் உண்டு. டாக்டர் லுவாகா என்ற ஆப்பிரிக்கர் அந்த நாட்டின் ஜனாதிபதியாக வருகிறார். படித்தவர், நேர்மையானவர். அதையும் சொல்லிவிடுவதுதான் நியாயம்.

போகாத ஊருக்கு வழி

மாயாவி மட்டும் இல்லை. டார்ஜான் தெரியும்தானே? குரங்குகள் வளர்த்த வெள்ளைக்காரப் பையன், ஆப்பிரிக்கக் காட்டுக்கே தலைவன் ஆகிறான். 1912-ல் அந்தக் கதையை எழுதிய எட்கர் ரைஸ் பரோஸ், ஆப்பிரிக்காவில் ஒருநாளும் கால் வைத்தது கிடையாது.

டின்டின் கதைகளை வரைந்த பெல்ஜியம் ஓவியர் எர்ஜே, 1930-ல் 'காங்கோவில் டின்டின்' கதையைத் தொடங்கினார். அவரும் காங்கோவைப் பார்க்காமலே வரைந்தார். அதில் காங்கோ மக்கள் விவரம் தெரியாதவர்கள், பயந்தாங்கொள்ளிகள், டின்டினைக் கும்பிடுகிறவர்கள். ஒரு காட்சியில் டின்டின் வகுப்பறையில் நின்று, 'உங்கள் தாய்நாடு பெல்ஜியத்தைப் பற்றிப் பாடம் நடத்துகிறேன்' என்கிறார். யோசித்துப் பாருங்கள், காங்கோ குழந்தைக்குப் பெல்ஜியம் எப்படித் தாய்நாடு ஆகும்? அப்போது காங்கோ பெல்ஜியத்தின் பிடியில் இருந்தது, நம் நாடு பிரிட்டிஷ்காரர்களிடம் இருந்ததுபோல. 1946-ல் எர்ஜே அந்தக் காட்சியைக் கணக்குப் பாடமாக மாற்றினார். அந்தக் காலத்துத் தப்பெண்ணங்களோடு வரைந்துவிட்டேன் என்று பிற்பாடு அவரே ஒப்புக்கொண்டார்.

சாக்லேட் தொழிற்சாலைக்குப் போகும் சார்லியின் கதையைப் படித்தோ, படமாகப் பார்த்தோ இருப்பீர்கள். அதில் வரும் சின்னஞ்சிறு தொழிலாளர்களான ஊம்பா லூம்பாக்கள், 1964-ல் வந்த முதல் புத்தகத்தில் ஆப்பிரிக்கக் காட்டிலிருந்து கொண்டுவரப்பட்ட குள்ள மனிதர்கள். சம்பளம் என்ன தெரியுமா? கொக்கோ கொட்டை! பலரும் தப்பு என்று சொன்ன பிறகு, 1973-ல் வந்த பதிப்பில் ஆசிரியர் ரோல்டு டால் அதை மாற்றி எழுதினார்.

'போகாத ஊருக்கு வழி சொல்வது' என்று நம்மில் ஒரு பேச்சு உண்டு. இந்தக் கதைகளில் பல அப்படித்தான் பிறந்தன. ஒருவர் பார்க்காமல் வரைந்தார். அவர் படத்தைப் பார்த்து இன்னொருவர் வரைந்தார். அதைத் தமிழில் மொழிபெயர்த்து நாம் படித்தோம்.

இதில் சூதும் இருந்தது. ஒரு நாட்டைப் பிடித்து ஆள வந்தவர்களுக்கு, 'இந்த மக்களுக்குத் தங்களைத் தாங்களே ஆளத் தெரியாது' என்று சொல்லும் கதை வசதியாக இருக்கும்தானே? நம்மைப் பற்றியும் அப்படித்தான் சொன்னார்கள்.

நம்மை வரைந்தால் எப்படி இருக்கும்?

"கதைதானே பாட்டி, இதில் என்ன இருக்கிறது?" என்று உங்களில் சிலர் கேட்கலாம். சரி, நம்மைப் பற்றிய ஒரு கதையைப் பார்ப்போம்.

1984-ல் இந்தியானா ஜோன்ஸ் என்ற அமெரிக்கப் பட வரிசையில் இரண்டாவது படம் வந்தது. கதை இந்தியாவில் நடக்கிறது. அதில் இந்திய அரண்மனை விருந்தில் என்ன பரிமாறுகிறார்கள் தெரியுமா? பாம்பு, வண்டு, கடைசியில் குளிர வைத்த குரங்கு மூளை! இங்கே படம் எடுக்க நம் அரசு அனுமதி தரவில்லை. இலங்கையில் கண்டிப் பக்கம் எடுத்தார்கள்.

இதை என் பேத்தியிடம் சொன்னதும், "சீ! நாம எங்க பாட்டி அதெல்லாம் சாப்பிடறோம்? பொய் சொல்றாங்க!" என்று கோபப்பட்டாள். உங்களுக்கும் கோபம் வருகிறதா? வரட்டும். இதே கோபம் நைஜீரியாவிலோ கென்யாவிலோ உள்ள ஒரு குழந்தைக்கும், தன் மக்களை எலும்பு மாலையும் ஈட்டியுமாக வரைந்த படத்தைப் பார்த்தால் வராதா?

நான் செய்த தப்பு

இப்போது சொல்லப்போவதை இதுவரை நான் எங்கேயும் எழுதியது இல்லை.

ஆசிரியர் பயிற்சி முடித்து வேலைக்குச் சேர்ந்து பத்துப் பதினைந்து வருடங்கள் ஆகியிருந்தன. நான்காம் வகுப்பு டீச்சர். ஆண்டு விழாவுக்கு என் வகுப்பின் நிகழ்ச்சி 'உலகக் குழந்தைகள்'. ஜப்பான் குழந்தைக்குப் பூப்போட்ட உடை, கையில் விசிறி. இங்கிலாந்துக் குழந்தைக்கு கவுன், தொப்பி. ஆப்பிரிக்காவுக்கு? எனக்குத் தெரிந்த ஆப்பிரிக்கா, டிரங்குப் பெட்டியில் இருந்த ஆப்பிரிக்காதான். வகுப்பிலேயே கறுப்பாக இருந்த பையனைத் தேர்ந்தெடுத்தேன். இடுப்பில் மாவிலை கட்டினேன். முகத்தில் இன்னும் கொஞ்சம் கரி பூசினேன். கையில் அட்டை ஈட்டி கொடுத்து, 'ஜிங்கா ஜிங்கா' என்று கத்திக்கொண்டு குதிக்கச் சொன்னேன்.

அரங்கமே சிரித்தது. நானும் சிரித்தேன். பரிசும் கிடைத்தது.

மறுநாளிலிருந்து அந்தப் பையனுக்கு வகுப்பில் 'ஆப்பிரிக்கா' என்று பெயர் வைத்துவிட்டார்கள். "டேய் ஆப்பிரிக்கா, பந்தைப் போடுடா" என்பார்கள். விளையாட்டுதானே என்று நான் கண்டிக்கவில்லை. கேள்வி கேட்டால் முதலில் கை தூக்குகிற பையன் அவன். கொஞ்சம் கொஞ்சமாகக் கை தூக்குவதை நிறுத்திவிட்டான்.

ஒருநாள் அவன் அம்மா பள்ளிக்கூட வாசலில் நின்றார். சண்டை போட வரவில்லை. "டீச்சர், என் பையன் தினமும் பவுடர் டப்பாவைக் காலி பண்றான். ஏன்டான்னு கேட்டா அழறான். நீங்க கொஞ்சம் விசாரிங்க" என்றார்.

எனக்கு விசாரிக்க என்ன இருந்தது? செய்ததே நான்தான். வகுப்பில் எல்லோரையும் கண்டித்தேன். ஆனால் அந்தப் பையனிடம், 'நான் செய்தது தப்புப்பா' என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஐந்தாம் வகுப்போடு அவர்கள் வீடு மாறிப் போய்விட்டார்கள். இன்றுவரை அவனைப் பார்க்கவில்லை. தாமதமாகச் சொல்கிறேன், நான் செய்தது தப்பு.

குழந்தைகளே, அன்று நான் ஒரே நேரத்தில் இரண்டு பேரைக் கேலிப் பொருளாக்கினேன். ஒருவன் என் கண் முன்னால் இருந்த மாணவன். இன்னொருவர், நான் பார்த்தே இராத ஆப்பிரிக்க மக்கள். ஒரு தேசத்து மக்களைக் கேலியாக வரைந்த படம், சுற்றிச் சுற்றி வந்து நம் வகுப்புப் பையன் முகத்திலேயே கரியாக ஒட்டிக்கொண்டது. 'கதைதானே' என்று விட்டுவிடக் கூடாது என்று நான் சொல்வது இதனால்தான்.

படங்களில் வராத ஆப்பிரிக்கா

சில மாதங்களுக்கு முன் 29சி பஸ்ஸில் போய்க்கொண்டிருந்தேன். பக்கத்து இருக்கையில் கென்யாவின் தலைநகர் நைரோபியிலிருந்து இங்கே படிக்க வந்த ஒரு பெண். முன் இருக்கைப் பையன் திரும்பித் திரும்பிப் பார்த்தான். கடைசியில் கேட்டே விட்டான். "அக்கா, நீங்க காட்டுலயா இருப்பீங்க?"

அந்தப் பெண் சிரித்தாள். தட்டுத் தடுமாறித் தமிழில், "எங்க ஊர்ல நிறைய வீடு, நிறைய பஸ். டிராபிக் உங்க தி.நகர் மாதிரி!" என்றாள். பஸ்ஸே சிரித்தது. பையனும் வெட்கப்பட்டுச் சிரித்தான். அவன் கெட்ட பையன் இல்லை. யாரோ கொடுத்த படம் அவன் மனசில் இருந்தது, அவ்வளவுதான்.

உங்கள் மனசில் வேறு சில படங்களை நான் வைக்கட்டுமா?

ஆப்பிரிக்கா ஒரு நாடு இல்லை, கண்டம். அதில் 54 நாடுகள். 140 கோடிக்கும் அதிகமான மக்கள். சுமார் 2,000 மொழிகள். காடு உண்டு, பாலைவனமும் உண்டு, பனி மூடிய மலையும் உண்டு, மாடி வீடுகள் நிறைந்த பெரிய பெரிய நகரங்களும் உண்டு.

உங்கள் வீட்டில் காலையில் ஃபில்டர் காபி மணக்கிறதா? காபிச் செடியின் தாய்வீடு எத்தியோப்பியா. பாட்டி கேழ்வரகுக் கஞ்சி தருகிறாளா? கேழ்வரகை முதன்முதலில் பயிர் செய்தவர்கள் கிழக்கு ஆப்பிரிக்க மலைநாட்டு உழவர்கள். சாம்பாரில் கரைக்கிற புளிகூட ஆப்பிரிக்காவிலிருந்து வந்த மரம்தான்! எத்தனையோ ஆயிரம் வருடங்களுக்கு முன் விதை தேர்ந்தெடுத்து, உழுது, பயிராக்கிய அந்த உழவர்கள் எந்தக் காமிக்ஸிலும் வரவில்லை.

பாண்டி பஜாரில் அப்பா செல்போனை நீட்டிப் பணம் கட்டுகிறார். நம் நாட்டில் அந்த யு.பி.ஐ. முறை வந்தது 2016-ல். கென்யாவில் காய்கறி விற்கும் அம்மாக்கள்கூட செல்போனில் பணம் அனுப்ப வழி செய்த 'எம்-பெசா' தொடங்கியது 2007-ல்! சுவாஹிலி மொழியில் 'பெசா' என்றால் பணம். நம்ம 'பைசா'தான் கப்பலேறிப் போய் 'பெசா' ஆகியிருக்கிறது.

அடையாறு பக்கம் போனால் ஐ.ஐ.டி. மெட்ராஸைப் பார்த்திருப்பீர்கள். அந்த ஐ.ஐ.டி. வெளிநாட்டில் தன் முதல் வளாகத்தை 2023-ல் திறந்தது. எங்கே தெரியுமா? லண்டனிலோ அமெரிக்காவிலோ இல்லை. ஆப்பிரிக்காவில், தான்சானியா நாட்டின் சான்சிபார் தீவில்!

குரங்கின் இதயமும் சுறா மீனும்

அதே சான்சிபாரின் கதை ஒன்று கேளுங்கள்.

மரத்தில் ஒரு குரங்கு, தண்ணீரில் ஒரு சுறா. குரங்கு பழம் பறித்துப் போடும். இரண்டும் நண்பர்கள். ஒருநாள் சுறா, "என் வீட்டுக்கு வா" என்று குரங்கை முதுகில் ஏற்றிக்கொண்டு போகிறது. பாதி வழியில், "எங்கள் ராஜாவுக்கு உடம்பு சரியில்லை, மருந்துக்குக் குரங்கின் இதயம் வேண்டும்" என்கிறது. குரங்கு, "அடடா, முதலிலேயே சொல்லக் கூடாதா? இதயத்தை மரத்திலேயே வைத்துவிட்டு வந்தேனே!" என்கிறது.

"இது நம்ம குரங்கும் முதலையும் கதை ஆச்சே!" என்று கத்துகிறீர்களா? என் பேத்தியும் அப்படித்தான் கத்தினாள். பஞ்சதந்திரத்தில் முதலை, சான்சிபாரில் சுறா. பாய்மரக் கப்பல்களில் நம் கடற்கரைக்கும் அவர்கள் கடற்கரைக்கும் வணிகர்கள் போய் வந்துகொண்டே இருந்தார்கள். சரக்கோடு கதையும் போய் வந்தது. கதை சொல்லத் தெரிந்த பாட்டிகள் இங்கேயும் உண்டு, அங்கேயும் உண்டு.

அவர்களே சொல்லட்டும்

நைஜீரியாவில் சினுவா அச்சிபி என்று ஒரு பெரிய எழுத்தாளர் இருந்தார். தன் சின்ன மகள் படித்த, வெளிநாட்டிலிருந்து வந்த படப்புத்தகங்களை ஒருநாள் எடுத்துப் பார்த்தார். தன் மக்களை மட்டமாகக் காட்டும் கதைகள்! திடுக்கிட்டார். அவர் என்ன செய்தார் தெரியுமா? உட்கார்ந்து தானே குழந்தைகளுக்கு ஒரு கதை எழுதினார். 1966-ல் அது புத்தகமாக வந்தது. கதாநாயகன் சிக்கே என்ற சிறுவன். அவனுக்கு அம்மா இருக்கிறாள், மாமா இருக்கிறார், பள்ளிக்கூடம் இருக்கிறது. நைஜர் ஆற்றைப் படகில் கடந்து அக்கரைக்குப் போக ஆசை. கையில் காசு இல்லை. காசுக்கு அவன் படுகிற பாடுதான் கதை. ஈட்டியும் இல்லை, முகமூடி வீரரும் இல்லை. உங்களைப் போல ஒரு பையன்.

கென்யாவில் வங்காரி மாத்தாய் என்ற அம்மையார் 1977-ல் 'பசுமை வளைய இயக்கம்' தொடங்கினார். கிராமத்துப் பெண்களைச் சேர்த்துக்கொண்டு கோடிக்கணக்கில் மரம் நட்டார். 2004-ல் அமைதிக்கான நோபல் பரிசு பெற்றார். பார்த்தீர்களா, ஆப்பிரிக்கக் காட்டைக் காப்பாற்ற முகமூடி போட்டவர் யாரும் வெளியிலிருந்து வரவில்லை. அந்த மண்ணின் பெண்களே காப்பாற்றினார்கள்.

அவருடைய வாழ்க்கையைக் குழந்தைகளுக்கான படக்கதையாகவும் செய்திருக்கிறார்கள். பிரதம் புக்ஸ் 2015-ல் தொடங்கிய 'ஸ்டோரிவீவர்' இணையதளத்தில், ஆப்பிரிக்க எழுத்தாளர்களும் ஓவியர்களும் செய்த கதைகளை இலவசமாகப் படிக்கலாம். பெரியவர்களைத் துணைக்கு வைத்துக்கொண்டு பாருங்கள். கோட்டூர்புரம் அண்ணா நூற்றாண்டு நூலகத்தில் குழந்தைகள் பிரிவு இருக்கிறது. அங்கே போய், 'ஆப்பிரிக்கக் கதைப் புத்தகம் இருக்கா?' என்று கேளுங்கள். இல்லை என்று சொன்னாலும் பரவாயில்லை. நாலு குழந்தைகள் கேட்டால் அடுத்த முறை வாங்கி வைப்பார்கள்.

மூன்று கேள்விகள்

அப்படியென்றால் மாயாவி புத்தகங்களைப் பழைய பேப்பர்காரரிடம் போட்டுவிடலாமா? வேண்டாம். என் டிரங்குப் பெட்டி இன்னும் பத்திரமாகத்தான் இருக்கிறது. மாயாவியின் வீரத்தை ரசியுங்கள். ஆனால் கதை படிக்கும்போது, படம் பார்க்கும்போது, மூன்று கேள்விகளைப் பக்கத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

ஒன்று: இந்தக் கூட்டத்தில் இருப்பவர்களுக்குப் பெயர் உண்டா?

இரண்டு: அவர்கள் தங்கள் வாயால் ஏதாவது பேசுகிறார்களா, கத்துவதும் கும்பிடுவதும் மட்டும்தானா?

மூன்று: அந்த ஊர்க் குழந்தை இதைப் படித்தால், சந்தோஷப்படுமா, பவுடர் டப்பாவைத் தேடுமா?

ஆப்பிரிக்கக் கதைக்கு மட்டும் இல்லை. நம் தமிழ்க் கதைகளிலும் சினிமாவிலும் மலைவாழ் மக்கள், நரிக்குறவர்கள், வடநாட்டிலிருந்து கட்டட வேலைக்கு வந்தவர்கள் எப்படி வருகிறார்கள் என்று பாருங்கள். அங்கேயும் இதே மூன்று கேள்விகளைக் கேளுங்கள்.

என் பேத்தியின் கேள்விக்குப் பதில் சொல்லாமலே முடித்துவிட்டேனே என்று நினைக்காதீர்கள். நாலு நாள் தேடிப் படித்துவிட்டு அவளிடம் சொன்னேன்.

"கண்ணு, அவங்களுக்குப் பேர் இருக்கு. நடு ஆப்பிரிக்கக் காடுகளில் ஆக்கா, பாக்கா, இம்புட்டி, ட்வா என்று பல இன மக்கள் வாழறாங்க. குள்ளர்கள் என்பது வெளியாட்கள் வைத்த பேர். ஆக்கா மக்கள் பாடினால் ஒவ்வொருவரும் வேறு வேறு மெட்டில் பாடுவாங்களாம். எல்லாம் ஒன்றாகச் சேர்ந்து ஒரே பாட்டாகக் கேட்குமாம். அந்தப் பாட்டை உலகமே காப்பாற்ற வேண்டிய சொத்து என்று யுனெஸ்கோ 2003-ல் அறிவித்திருக்கு."

அவள் கொஞ்ச நேரம் யோசித்தாள். பென்சிலை எடுத்து வந்தாள். மாயாவி புத்தகத்தில், கூட்டத்தில் நின்ற ஒரு சின்னப் பையனுக்குப் பக்கத்தில் ஏதோ எழுதினாள். எட்டிப் பார்த்தேன்.

'இவன் பேர் சிக்கே. நல்லா பாடுவான்' என்று எழுதியிருந்தாள்.

புத்தகத்தில் கிறுக்கக் கூடாது என்று முப்பத்துநாலு வருடம் வகுப்பில் சொன்னவள் நான். அன்று ஒன்றும் சொல்லவில்லை.

என்ன குழந்தைகளே, நீங்களும் அந்த மூன்று கேள்விகளைக் கேட்பீர்கள்தானே?

அன்புடன்,
உங்கள் டீச்சர் பாட்டி